மறைவானதும் மறைக்கப்பட்டதும்

காலத்தின் இரகசியம் அறிந்த ஞானியர் சிலர் மனிதக் கண்ணுக்கு எட்டாத ஓரிடத்தில் கழகமாகக் கூடியிருக்கின்றனர். தெரிந்தெடுக்கப்பட்ட சிலருக்கு மட்டுமே அவர்களது அறிவு திறக்கும் என்னும் கற்பனை, எல்லாச் சமயத்தாரையும் ஏதேனும் ஒரு காலத்தில் மயக்கியிருக்கிறது. தமிழகத்தில் இக்கற்பனையின் வலைக்குள் இழுக்கப்பட்டவர்களுள் ஒருவர் வடலூர் இராமலிங்க அடிகள். அவர் பெயரால் 1882இல் வெளிவந்த ஒரு வாக்குமூலத்தை இங்கு மதிப்பிட விழைகிறோம்.

சிதம்பரத்துக்கு அருகிலுள்ள மருதூரில் 1823இல் பிறந்தவர் அடிகள். சிதம்பரம் கோயிலில் 'இரகசியம்' எனப் போற்றப்படும் இடம் வாசகர்கள் அறிந்ததே: ஒரு திரை, அதன் பின்னே பொன் வில்வ மாலை தொங்கும் வெற்றுவெளி. கைக்குழந்தையாய் இருந்தபோதே அவ்வெளியைத் தாம் கண்டதாக அடிகள் சொன்னதாக அடியார் மரபு கூறும். இதனை வரலாறாகக் கொள்ள வேண்டியதில்லை. ஆனால் 1872இல் வடலூரில் அவர் எழுப்பிய சத்திய ஞான சபை அந்தத் திரைக்கு அவர் தந்த விடை என்பதில் ஐயமில்லை. அவ்விடத்தை 'உத்தர ஞான சிதம்பரம்' என்றே அவர் அழைத்தார். அங்கே ஏழு நிறத் திரைகள் உண்டு. அவை எவரோ ஒருவரிடம் உள்ள இரகசியத்தைக் காப்பவை அல்ல. மனிதனுக்குள்ளேயே இருக்கும் அறியாமையைக் குறிப்பவை. தைப்பூச நாளில் திரண்டு நிற்கும் மக்கள் முன்னிலையில் ஏழும் விலக்கப்படுகின்றன. கொலையும் புலாலும் தவிர்த்தோரே சபையின் உள்ளே புக வேண்டும் என்ற விதி நமக்கு உடன்பாடானதன்று. எனினும் அது ஒழுக்கத்தால் வகுத்த வரம்பேயன்றிப் பிறப்பால் வகுத்த வரம்பு அன்று என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

அடிகளின் பாடல்கள் 1867இல் 'திருவருட்பா' என்னும் பெயரில் அச்சேறின. மனிதன் பாடியதை 'அருட்பா' என்று அழைக்கும் அதிகாரம் யாருக்கு உண்டு என யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் வினவினார். வஹீயின் மதிப்பை அறிந்த நமக்கு இவ்வினா அற்பமானதாகத் தோன்றாது. நாவலரும் அறிவை ஒளித்து வைத்தவர் அல்லர். 1864இல் சிதம்பரத்தில் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவியவர். ஏட்டுச்சுவடிகளை அச்சேற்றிப் பொதுவில் வைத்தவர். இருதரப்பின் வழக்கும் கண்டன நூல்களில் நடந்தது, சிதம்பரத்தில் முழங்கியது, 1869இல் கடலூர் மஞ்சக்குப்பம் நீதிமன்றம் வரை சென்றது. கடுஞ்சொற்கள் மலிந்த விவாதம்தான். ஆயினும் பகலில் நடந்த விவாதம்.

1874 ஜனவரியில் மேட்டுக்குப்பத்தில் ஓர் அறையினுள் புகுந்த அடிகள் அதன்பின் காணப்படவில்லை. தென்னார்க்காடு மாவட்டத்தைப் பற்றி 1878இல் கையேடு எழுதிய கார்ஸ்டின் என்னும் ஆங்கில அதிகாரியும் இச்செய்தியைப் பதிந்துள்ளார். பூட்டிய அறை கற்பனையைத் தூண்டும். 1875இல் நியூயார்க்கில் தோன்றிய பிரம்மஞான சபையின் நிறுவனர்கள் பிளாவட்ஸ்கி அம்மையாரும் ஆல்காட்டும் 1882இல் சென்னைக்கு வந்தனர். அவ்வாண்டே அடிகளின் முதன்மை மாணவர் தொழுவூர் வேலாயுத முதலியார் ஒரு வாக்குமூலம் அளித்தார். அது அச்சபையின் இதழில் வெளியாயிற்று. உண்மையான சகோதரத்துவக் கழகத்தார் வடதிசையில் வெகு தொலைவில் வாழ்கின்றனர் என்றும், மறைநூல்களின் உட்பொருளைக் காத்துவரும் மகாத்மாக்கள் அதனை அயல்நாட்டாருக்கு வெளிப்படுத்துவர் என்றும், ரஷ்யாவிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் ஆட்கள் வருவர் என்றும் தம் ஆசான் முன்னுரைத்ததாக அதில் அவர் கூறினார்.

இச்சான்றின் குறை வெளிப்படையானது. முன்னறிவிப்பு எனப்படுவது நிகழ்ச்சி நிறைவேறிய பின்னரே எழுதப்பட்டது. சொன்னவர் மறைந்து எட்டு ஆண்டுகள் கழிந்துவிட்டன. அவரிடம் கேட்டுத் தெளிய வழியில்லை. அறிவிப்பாளரோ அச்சபையோடு இணைந்தவர். ஹதீஸ் கலையில் பயின்றோர் இத்தகைய ஒற்றை அறிவிப்பை எந்தத் தட்டில் வைப்பர் என்று நாம் சொல்ல வேண்டியதில்லை. முதலியாரின் நேர்மையை நாம் ஐயுறவில்லை. முதற்பதிப்பை வெளியிட்ட பெருமை அவருடையது. ஆனால் நினைவு, தான் விரும்பியதைச் சேர்த்துக்கொள்ளும் இயல்புடையது. அந்த மகாத்மாக்களிடமிருந்து வந்தனவாகச் சொல்லப்பட்ட கடிதங்களை 1885இல் இலண்டன் ஆய்வுக் கழகமொன்றின் அறிக்கை மோசடி என்றது. அவ்வறிக்கையின் முறையும் பின்னாளில் கண்டிக்கப்பட்டது; ஆயினும் அக்கழகத்தின் இருப்பு மெய்ப்பிக்கப்படவில்லை. இவ்வாக்குமூலம் அடிகளுக்கு இழைத்த அநீதி இதுவே: திரையை விலக்க முயன்றவரை, புதிய திரையொன்றுக்குச் சாட்சியாக்கிவிட்டது.

இங்கே நம் மரபு வகுத்துள்ள ஒரு வேறுபாடு துணை நிற்கிறது. மறைவானது வேறு, மறைக்கப்பட்டது வேறு. இறுதி நாளின் வேளையும், மனிதன் எம்மண்ணில் இறப்பான் என்பதும் அல்லாஹ்விடம் மட்டுமே உள்ள அறிவு என்பது சூரா லுக்மானின் இறுதி வசனம் தரும் போதனை. இந்த மறைவு எல்லா மனிதருக்கும் சமமானது. எந்தக் குழுவினரிடமும் அதன் திறவுகோல் இல்லை. மனிதர் மனிதருக்கு மறைப்பதோ அதிகாரத்தின் கருவி. ஓர் அறிவு ஏன் பழிக்கப்படுகிறது என்பதற்கு இமாம் கஸ்ஸாலி (ரஹ்) 'இஹ்யா'வில் மூன்று காரணங்கள் காட்டுகிறார்: சூனியம் போலப் பிறருக்குத் தீங்கு தருதல்; சோதிடம் போல அறிந்தவனையே கெடுத்தல்; பயில்பவனின் ஆற்றலுக்கு மீறியிருத்தல். மூன்றாவதும்கூட மாணவனின் நலம் கருதியதேயன்றி ஆசானின் ஏகபோக உரிமை அன்று. நட்சத்திரங்களைக் கொண்டு விதி பார்ப்பதைத் தடுத்த சமூகமே, தொழுகை நேரம் கணிக்கப் பள்ளிவாசல்களில் வானநூலாரை அமர்த்தியது. திமிஷ்கின் உமய்யா பள்ளிவாசலில் அப்பணி செய்த இப்னு ஷாத்திர் 14ஆம் நூற்றாண்டின் தலைசிறந்த வானநூலாருள் ஒருவர். காலத்தை அளக்கும் அறிவு தடுக்கப்படவில்லை. காலத்தின் உடைமையாளன் எனத் தன்னைக் காட்டிக்கொள்வதே தடுக்கப்பட்டது.

இந்த அளவுகோலில் அடிகளின் மரணமிலாப் பெருவாழ்வுக் கொள்கையை நாம் ஏற்க இயலாது. ஒவ்வோர் உயிரும் மரணத்தைச் சுவைக்கும் என்பது நம் நம்பிக்கை. ஆனால் 1867இல் அவர் மூட்டிய தருமசாலை அடுப்பு இன்றும் அணையாமல் பசித்தோர்க்குச் சோறிடுகிறது. அதற்கு எந்த மகாத்மாவின் சான்றும் தேவைப்படவில்லை.

அருட்பா விவாதம் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மீண்டும் மூண்டபோது, அடிகளின் பக்கம் நின்று வாதாடியவர்களுள் கோட்டாற்றுச் சதாவதானி செய்குத்தம்பிப் பாவலரும் ஒருவர். சீறாப்புராணத்துக்கு உரை கண்ட அவர், தம் ஈமானில் எதையும் இழக்காமலே பிறர் நூலைக் கற்று மேடையில் நின்று பேசினார். அவர் வழிவந்த நம் ஊர்களில் இன்றும் 'பால் கிதாபு' பார்த்து நல்ல நேரம் குறிப்போரும், இஸ்முகளின் இரகசியம் தம்மிடமே உள்ளதெனத் தாயத்து விற்போரும் இருக்கின்றனர். வடலூரைச் சூழ்ந்த புனைவைப் படித்து நகைக்கும் முன், நம் வீட்டுக் கதவுகளில் தொங்கும் திரைகளை எண்ணிப் பார்ப்பது நலம். அல்லாஹ் மறைத்ததை அவனிடமே விட்டுவிடுவோம். மனிதர் மறைத்ததைக் கேள்வி கேட்போம்.