மொழிபெயர் தேயத்தில் ஒரு மொழிமாற்றுப் படம்

வேங்கட மலைக்கு அப்பாலுள்ள நிலத்தை 'மொழிபெயர் தேயம்' என்று வழங்கினர் சங்கச் சான்றோர். பொருள் தேடிப் புறப்பட்ட தலைவன் அந்நிலம் சேர்வதும், அவன் வரவு நோக்கித் தலைவி வருந்தியிருப்பதும் பாலைத்திணைப் பாடல்களில் நாம் அடிக்கடி காணும் காட்சி. கரோல் பாக்கில் குடியேறிய நம்மவர்க்கோ அத்தேயம் சென்று மீளும் இடமாக அமையவில்லை. குடியிருக்கும் வீடாகவே ஆகிவிட்டது. அலுவலகக் கோப்புகளை நம்பி வந்த நம் முன்னோர், 1947இல் உடைமைகளை இழந்து வந்து சேர்ந்த பஞ்சாபியர்க்கு அண்டை வீட்டாராயினர். கடைத்தெருவில் இந்தி, அடுத்த மாடியில் பஞ்சாபி, அடுக்களையில் தமிழ் என்று ஒரே நாளில் மும்முறை நாவை மாற்றிப் பழகியவர்கள் நாம். ஆகவே, மொழிமாற்றுப் படத்தைக் குறித்துப் பேசும் தகுதி நமக்குச் சற்று மிகுதியாகவே உண்டு எனலாம்.

அண்மையில் ஒரு குடியரசு நாளன்று, அஜ்மல்கான் சாலைக்கு அருகில் நண்பர் ஒருவரின் இல்லத்தில் 'உயிரே' படத்தை மீண்டும் காணும் வாய்ப்புக் கிட்டியது. மணிரத்னம் 1998இல் இந்தியில் இயக்கிய 'தில் சே' படத்தின் தமிழ் வடிவம் இது. காதலும் துப்பாக்கியும் குண்டுவெடிப்பும் கலந்த கதை. காலையில் தொலைக்காட்சியில் கண்ட அணிவகுப்பு, மாலையில் அதே தொலைக்காட்சியில் சதிகாரரின் இலக்காக நின்றது. நண்பரின் தாயார் இந்தி அதிகம் அறியாதவர். பேரனோ தமிழ் பேசுவான், படிக்க வராது. இருவரும் ஒரே படத்தை ஒரே நேரத்தில் பார்க்க உடன்பட்டதே அவ்வீட்டில் அரிய நிகழ்ச்சி.

இந்திப் படம் தமிழ் பேசுவது புதிதன்று. ராஜ் கபூரின் 'ஆஹ்' 1953இல் 'அவன்' ஆயிற்று. நௌஷாத் இசையமைத்த 'உடன் கடோலா', 'வானரதம்' ஆயிற்று. இவற்றுக்குத் தமிழில் பாடல் புனைந்தவர் கவிஞர் கம்பதாசன். 'முகலே ஆஸம்' படம் 1961இல் 'அக்பர்' என்னும் பெயரில் தமிழில் வெளிவந்து வெற்றி பெறாது போயிற்று.

மொழிமாற்றுவோனின் முதற்பகை உதடு. இந்தியும் தமிழும் வினையை இறுதியில் வைப்பவை. அவ்வளவில் ஆங்கிலத்தைவிட இந்தி நமக்கு இணக்கமானது. எனினும் இந்தி வாக்கியம் பெரும்பாலும் திறந்த வாயோடு 'ஹை' என்று முடிகிறது. தமிழிலோ 'வேண்டும்', 'போகலாம்', 'தெரியும்' என்று மகர மெய் வந்து உதட்டை மூடிவிடுகிறது. முகம் திரையை நிறைக்கும் இடங்களில் வசனகர்த்தா சொற்களை முன்பின்னாகப் புரட்டி, இறுதிச் சொல்லைத் திறந்த ஒலியில் நிறுத்த வேண்டியிருக்கிறது. மொழிமாற்றுப் படங்களில் யாரும் இயல்பாகப் பேசுவதில்லை என்று நாம் குறை கூறுவதற்கு இது ஒரு காரணம்.

ஷாருக்கானுக்குத் தமிழில் குரல் கொடுத்தவர் அரவிந்த்சாமி. 'ரோஜா', 'பம்பாய்' படங்களின் வழி அக்குரல் நமக்கு ஒரு முகத்தோடு பழகிவிட்டது. எனவே திரையில் ஒரு முகமும் நினைவில் மற்றொரு முகமுமாகக் காண்கிறோம். முதல் அரைமணி நேரம் இது நம்மை உறுத்தியது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

ஆயினும் நம் குறை உதட்டளவில் நிற்பதன்று. 'ரோஜா' படத்தின் உயிர்நாடியே மொழி அறியாமை; காஷ்மீரத்தில் கணவனைத் தேடும் தமிழ்ப் பெண்ணின் சொல் எவர்க்கும் புரிவதில்லை. 'உயிரே' படத்திலோ அஸ்ஸாம், லடாக், டில்லி எங்கும் எல்லாரும் தடையின்றித் தமிழ் பேசுகின்றனர். மூலத்தில் கதாநாயகன் டில்லியின் அரசு வானொலி ஊழியன். டில்லியின் மொழியிலேயே வடகிழக்கு மக்களிடம் கேள்வி கேட்கிறான். டில்லி தங்களை மறந்ததென்று அவர்கள் அவனிடம் முறையிடும்போது, கேட்பவன் மொழியும் முறையீட்டின் ஒரு பகுதியாகிறது. தமிழாக்கத்தில் அந்த முள் ஒடிந்துவிடுகிறது. டில்லியில் நம் மொழி ஒலிக்கக் கேட்டு மகிழ்ந்த நாம், அம்மகிழ்ச்சிக்குக் கொடுத்த விலை அது என்பதைக் கவனிக்கத் தவறினோம். படத்தில் நம் செவிக்கு எட்டியவரை மொழி மாறாது நின்றது மலையாளம் ஒன்றே! மணம் பேசப்பட்ட பெண்ணின் கனவுப் பாடலில் வரும் மலையாளக் குழுப்பாடல், இந்தியிலும் தமிழிலும் மலையாளமாகவே இருக்கிறது.

இழப்பை மட்டும் கூறுதல் முறையன்று. உதகை மலை இரயிலின் மேல் ஆடும் பாடலைப் பாருங்கள். அதன் மூலவேர் பஞ்சாபிய சூஃபி ஞானி புல்லே ஷாவின் பாடலில் உள்ளது. அங்கு 'தையா' என்றிருந்த தாளச்சொல்லை குல்சார் இந்தியில் 'சய்யா' என்று மாற்றி, நிழல் என்னும் பொருள் தோன்ற அமைத்தார். வைரமுத்துவின் தமிழிலோ அது மீண்டும் 'தையா' ஆயிற்று. மொழிமாற்றத்தால் பாடல் மூலத்தை விட்டு விலகும் என்பர். இங்கு ஒரு சொல் வீடு திரும்பியிருக்கிறது, அதுவும் நம் அண்டை வீட்டாரின் வீட்டுக்கு.

படத்தில் தமிழ் முழு வெற்றி பெறும் இடம் வானொலிக் காட்சி. மழையிரவில் இரயில் நிலையத்தில் கண்ட பெண்ணைப் பற்றிக் கதாநாயகன் ஒலிபரப்பில் விவரிக்கிறான். எங்கோ அவள் கேட்டுக்கொண்டிருக்கிறாள். கேட்பவள் முகத்தைக் காணும்போது பேசுபவன் உதட்டை யார் பார்ப்பர்? குரல் மட்டுமே உண்டு. டில்லியிலிருந்து ஒரு தமிழ்க்குரல் புறப்படுவது நமக்கு வியப்புமன்று. சரோஜ் நாராயணஸ்வாமி தலைநகரிலிருந்து வாசித்த தமிழ்ச் செய்தி தமிழகத்து வீடுகளில் பல்லாண்டுகள் ஒலித்ததன்றோ?

கதாநாயகனின் பாட்டியாக ஜோரா சேகல் தோன்றியபோது, "இவ நம்மாத்துப் பாட்டி மாதிரின்னா பேசறா!" என்று நண்பரின் தாயார் மகிழ்ந்தார். இறுதிக் குண்டுவெடிப்பில் காதலர் இருவரும் மடிந்தபின் சற்று நேரம் எவரும் பேசவில்லை. பின் அவர், "அந்தப் பொண்ணுக்கு அப்படி என்னடா கோபம், இவ்வளவு தூரம் வந்து?" என்று பேரனைக் கேட்டார். சிறுமியாயிருந்தபோது அவளுக்கு இராணுவத்தினர் இழைத்த கொடுமையையும், அவள் ஊர் அழிந்ததையும் பேரன் விளக்கத் தொடங்கினான். இரண்டு வாக்கியங்களில் அவன் தமிழ் தீர்ந்துபோயிற்று. எஞ்சியதை இந்தியில் சொன்னான். அவன் தாய் அடுக்களை வாயிலில் நின்று, அவன் ஒரு வாக்கியம் சொல்ல, அதைத் தமிழாக்கி மாமியாரிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.