எண்ணைக் காட்டும் கருவி எதை அளக்கிறது?

மின்னணு உணர்விகளைப் பற்றி எழுதுவோர் அவற்றை ‘இயந்திரங்களின் ஐம்புலன்கள்’ என்று வருணிப்பது வழக்கமாகிவிட்டது. கண் ஒளியை உணர்வதுபோல ஒளி டையோடு ஒளியை உணர்கிறது. தோல் வெப்பத்தை உணர்வதுபோலத் தெர்மிஸ்டர் வெப்பத்தை உணர்கிறது என்பார்கள். மாணவர்களுக்கு எளிதில் விளங்கும் உவமைதான். ஆனால் அது பாதி வழியில் நின்றுவிடுகிறது. உணர்வியில் எழும் மின்னோட்டத்திற்கும் திரையில் நாம் படிக்கும் எண்ணுக்கும் இடையே இன்னொரு படி இருக்கிறது. அதனைச் சொல்லாமல் விடுவது சிறு குறையன்று. விரல்நுனியில் மாட்டும் ஆக்சிமீட்டரைக் கொண்டு இதனை ஆராய்வோம்.

கொரோனா நோய் பரவிய 2020, 2021 ஆம் ஆண்டுகளில், வெப்பமானிக்கு அடுத்தபடியாக நம் வீடுகளில் நுழைந்த கருவி இது. எண் 94-க்குக் கீழே இறங்கினால் மருத்துவ உதவியை நாடவேண்டும் என்பது அன்று வீடுதோறும் பேசப்பட்ட செய்தி. ஓர் எண்ணை நம்பி ஒருவரை வீட்டிலேயே வைத்துக்கொள்வதா, மருத்துவமனைக்கு அழைத்துச் செல்வதா என்று குடும்பங்கள் முடிவு செய்தன. அவ்வளவு பொறுப்பைச் சுமந்த எண் எவ்வாறு பிறக்கிறது?

கருவியின் ஒரு பக்கத்தில் இரண்டு ஒளி உமிழ் டையோடுகள் உள்ளன. ஒன்று ஏறத்தாழ 660 நானோமீட்டர் அலைநீளமுள்ள சிவப்பு ஒளியையும், மற்றொன்று ஏறத்தாழ 940 நானோமீட்டர் அலைநீளமுள்ள அகச்சிவப்புக் கதிரையும் விரலினுள் பாய்ச்சுகின்றன. மறுபக்கத்தில் உள்ள ஒளி டையோடு, விரலைக் கடந்து வரும் ஒளியை மின்னோட்டமாக மாற்றுகிறது. ஆக்சிஜன் ஏற்ற ஹீமோகுளோபின் அகச்சிவப்பை மிகுதியாக உட்கவரும்; ஆக்சிஜன் இழந்தது சிவப்பை மிகுதியாக உட்கவரும். தோல், எலும்பு, சிரை இரத்தம் ஆகியவற்றின் உட்கவர்ச்சி பெரும்பாலும் மாறாதது. இதயம் துடிக்கும்தோறும் மாறுவது தமனி இரத்தத்தின் பங்கு மட்டுமே. அந்த மாறும் பகுதியை மாறாத பகுதியால் வகுத்து, இரு நிறங்களுக்கும் கிடைக்கும் ஈவுகளின் விகிதத்தைக் கருவி கணக்கிடுகிறது.

இந்த வழியைக் கண்டவர் ஜப்பானில் நிஹான் கோடன் நிறுவனத்தில் பணியாற்றிய பொறியாளர் தகுவோ அவோயாகி. இரத்தத்தில் நிறமியைச் செலுத்தி இதயம் வெளியேற்றும் இரத்தத்தின் அளவைக் காண அவர் முயன்றபோது, நாடித்துடிப்பின் ஏற்ற இறக்கம் குறுக்கிட்டது. அந்த இடையூறே ஆக்சிஜன் அளவைக் காட்டும் சைகையாகும் என்பதை 1972-இல் அவர் உணர்ந்தார். இயற்பியல் மாணவர் ஒவ்வொருவரும் போற்றவேண்டிய சிந்தனை இது.

ஆனால் விகிதம் விழுக்காடு ஆவது எப்படி? இங்குதான் நம் கட்டுரைகள் மௌனம் சாதிக்கின்றன. திசுக்களில் ஒளி சிதறுவதால் சூத்திரம் மட்டும் போதாது. ஆகவே, நலமுள்ள தன்னார்வலர்களை ஆக்சிஜன் குறைந்த காற்றைச் சுவாசிக்கச் செய்து, அவர்களுடைய தமனி இரத்தத்தை ஆய்வகத்தில் சோதித்து, இன்ன விகிதத்திற்கு இன்ன விழுக்காடு என்று அட்டவணை அமைக்கிறார்கள். திரையில் தோன்றும் 96 நம் இரத்தத்திலிருந்து நேரே வந்ததன்று. யாரோ சிலருடைய இரத்தத்தைக் கொண்டு செய்த ஒப்பீட்டின் வழியே வந்தது.

அந்தச் சிலர் யாவர்? அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2013-இல் வகுத்த நெறிமுறை, குறைந்தது 10 பேரிடம் சோதிக்கவேண்டும் என்றது. அவர்களுள் கருநிறத் தோலினர் 2 பேர் அல்லது 15 விழுக்காடு, இவற்றுள் எது மிகுதியோ அது போதும். தோலின் நிறமி மாறாத பகுதியாதலால் வகுத்தலில் நீங்கிவிடும் என்பது கோட்பாடு. நடப்பு அவ்வாறில்லை. மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2020 டிசம்பரில் வெளியிட்ட முடிவைப் பாருங்கள். கருவி 92 முதல் 96 வரை காட்டிய நேரங்களில், தமனி இரத்தத்தின் உண்மை அளவு 88-க்கும் கீழே இருந்தது வெள்ளை நோயாளிகளிடம் 3.6 விழுக்காடு, கறுப்பின நோயாளிகளிடம் 11.7 விழுக்காடு. மூச்சுக்காற்று வேண்டியவருக்கு அது வேண்டாம் என்று கருவி சொல்லியிருக்கிறது! கருநிறத் தோலில் இத்தகைய பிழை நேர்வதை 2005-இலேயே ஆய்வு ஒன்று காட்டியிருந்தது என்பதையும் நினைவிற்கொள்க. கருநிறத்தாரும் மாநிறத்தாரும் நிறைந்த நம் நாட்டிற்கு இது அயலார் செய்தியன்று.

‘பிழை 2 விழுக்காடு’ என்று பெட்டியில் அச்சிட்டிருப்பதையும் பலர் தவறாகப் பொருள் கொள்கின்றனர். எந்த அளவீடும் 2-க்கு மேல் பிழைக்காது என்பது அதன் பொருளன்று. மூன்றில் இரண்டு பங்கு அளவீடுகளே அந்த எல்லைக்குள் அடங்கும். 90 என்று காட்டினால் உண்மை 86 முதல் 94 வரை எங்கும் இருக்கலாம். கரிப்புகையை மூடிய அறையில் சுவாசித்தவரிடம் ஏமாற்றம் இன்னும் பெரிது. கார்பன் மோனாக்சைடு ஏறிய ஹீமோகுளோபினை இக்கருவி ஆக்சிஜன் ஏறியதாகவே எண்ணி, நல்ல எண்ணைக் காட்டிவிடும்.

எனவே இக்கருவியைத் தூக்கி எறியவேண்டுமா? வேண்டியதில்லை. ஒருவருடைய எண் நாளுக்கு நாள் இறங்குவது தக்க எச்சரிக்கையே. ஆனால் மூச்சுத் திணறுபவரிடம் எண் நன்றாக இருக்கிறது என்று காத்திருத்தல் தவறு. அமெரிக்க நிர்வாகமும் 2025 ஜனவரியில் வெளியிட்ட வரைவில், பல்வேறு தோல் நிறத்தாரையும் உள்ளடக்கிய 150 பேருக்குக் குறையாமல் சோதிக்கவேண்டும் என்று முன்மொழிந்தது. காலந்தாழ்ந்து வந்த நல்ல திருத்தம்.

நாமும் திருத்திக்கொள்ளவேண்டும். ஓர் உணர்வியைப் பற்றிக் கற்பிக்கும்போது மூன்று கேள்விகளைச் சேர்த்தே கற்பிப்போம். இக்கருவி உண்மையில் எதைத் தொட்டு உணர்கிறது? அதிலிருந்து எதை ஊகிக்கிறது? அந்த ஊகம் யாரிடம் சரிபார்க்கப்பட்டது? மூன்றாவது கேள்வி பாடத்தில் இல்லாதவரை, உணர்வியைப் பற்றிய நம் பாடம் முற்றுப்பெறாது.