கடித்த பல், கடிபட்ட கை

சிறுவன் பாடத்தைச் சரியாகத்தான் செய்திருக்கிறான். ஆனாலும் டாக்டர் அவனை இழுத்துக்கொண்டுபோய் இருட்டறையில் அடைக்கப் பார்க்கிறார். அவன் திமிறுகிறான், அவர் கையைக் கடித்தும் விடுகிறான். கடிபட்டவருக்குக் கோபம் வரவில்லை, அவனை அணைத்துக்கொள்கிறார். அநியாயம் நடந்தால் எதிர்க்க வேண்டும் என்று காட்டில் கிடைத்த பிள்ளைக்குத் தெரிந்துவிட்டதே!

1970இல் வந்த ‘தி வைல்ட் சைல்ட்’ படத்தில் இந்த டாக்டர் இதாராக வருபவர், அதன் இயக்குநர் பிரான்சுவா த்ரூஃபோ. அவரே கடித்துப் பேர் வாங்கியவர்தான். 1954 ஜனவரியில் ‘கையே து சினிமா’ இதழில் அவர் எழுதிய கட்டுரை, பிரெஞ்சு சினிமாவின் பெரிய தலைகள் பலவற்றைப் பதம் பார்த்தது. அப்போது வயது 21. 1958இல் கான் திரைப்பட விழா அவரை உள்ளே விடவில்லை. மறுவருடம் அதே விழாவில் சிறந்த இயக்குநர் விருது.

விருது வாங்கித் தந்த ‘தி 400 ப்ளோஸ்’ படத்திலேயே, சுழலும் ராட்டினத்துக்குள் ஒரு நொடி தலைகாட்டுகிறார். சக விமர்சகர் கோதார் தன் ‘ப்ரெத்லெஸ்’ படத்தில், தெருவில் நாயகனை அடையாளம் கண்டு போலீசுக்குக் காட்டிக்கொடுக்கும் ஆளாக வருவார். விமர்சகனுக்குப் பொருத்தமான வேஷம்!

இதார் அப்படி எட்டிப்பார்த்துவிட்டுப் போகும் வேஷமில்லை. த்ரூஃபோ நடிக்கிறாரா என்று கேட்டால் என்னால் அடித்துச் சொல்ல முடியாது. முகம் அசைந்துகொடுக்காது, குரல், குறிப்பேட்டை வாசிப்பதுபோல ஒரே சீராகப் போகும். கைகளைத்தான் பார்க்க வேண்டும். பையனின் தலையைத் திருப்புகின்றன, தோளை நிமிர்த்துகின்றன, நிற்க வேண்டிய இடத்துக்கு நகர்த்துகின்றன. பையனாக வரும் ஜான் பியர் கார்கோல் அதற்குமுன் நடித்தறியாத சிறுவன். கேமராவுக்குப் பின்னாலிருந்து கத்திச் சொல்ல வேண்டியதை த்ரூஃபோ ஃபிரேமுக்குள் நின்று கையால் செய்துவிடுகிறார். வேறு எந்த நல்ல நடிகர் வந்திருந்தாலும் இந்தக் கைகள் கிடைத்திருக்காது.

‘டே ஃபார் நைட்’டில் (1973) சினிமா இயக்குநர் வேஷம், காதில் கேட்கும் கருவி. அந்த இயக்குநரின் கனவில் ஒரு சிறுவன், தியேட்டர் வாசலில் ‘சிட்டிசன் கேன்’ ஸ்டில்களைத் திருடுவான். எனக்கு அவருடைய நடிப்பைவிட அந்தத் திருட்டுத்தான் பிடிக்கும்.

பிறகு ஸ்பீல்பெர்க் கூப்பிட்டார். ‘க்ளோஸ் என்கவுன்டர்ஸ்’ (1977) அடுத்தவர் படம். அங்கே திருத்திவைக்கப் பையனும் இல்லை. வேற்றுக்கிரகத்து உயிர் எதிரே நிற்க, ஐந்து ஸ்வரங்களுக்கான சைகைகளைக் கையால் போட்டுக்காட்டுகிறார். அதுவும் அப்படியே திருப்பிப் போடுகிறது. அவர் சிரிக்கிறார், கூச்சத்தோடு.