சுடலைமாடன் கதையும் மிகுபுனைவின் இருள்தலைவனும்

சுடலைமாடன் கதை திருநெல்வேலி, தூத்துக்குடி, கன்னியாகுமரி மாவட்டங்களின் கோவில் கொடைகளில் வில்லுப்பாட்டாகப் பாடப்படும் நாட்டார் கதைப்பாடல். ஆங்கில மிகுபுனைவில் ஜே.ஆர்.ஆர். டோல்கீன் நிலைநிறுத்திய இருள்தலைவன், ஆற்றல் மோதிரம் என்னும் இரு படிமங்களுடன் ஒப்பிடத்தக்க கூறுகள் இக்கதையில் உள்ளன. தீய ஆற்றலை அழிக்க முடியுமா, அதனுடன் உடன்படிக்கை செய்துகொண்டு வாழ வேண்டுமா என்னும் கேள்விக்கு இவ்விரு மரபுகளும் வெவ்வேறு விடைகளை அளிக்கின்றன.

டோல்கீனின் மோதிரம்

டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' 1954, 1955 ஆண்டுகளில் மூன்று பகுதிகளாக வெளிவந்தது. எல்வ்களுக்கு மூன்று, குள்ளர்களுக்கு ஏழு, மனிதர்களுக்கு ஒன்பது என ஆற்றல் மோதிரங்கள் உள்ளன. அவை அனைத்தையும் ஆள்வதற்காக சௌரான் என்னும் இருள்தலைவன் எரிமலையின் நெருப்பில் இன்னொரு மோதிரத்தைச் செய்கிறான். தன் ஆற்றலின் பெரும்பகுதியை அதில் இடுகிறான். எனவே அந்த மோதிரம் அழிந்தால் அவனும் வீழ்வான்.

மோதிரத்தை நல்ல நோக்கத்துடன் அணிபவரும் காலப்போக்கில் அதற்கு அடிமையாகிறார் என்பது நாவலின் மையக் கருத்து. இதை அறிந்தே கண்டால்ஃபும் கலாட்ரியேலும் அதை ஏற்க மறுக்கிறார்கள். அழிப்பதற்காகச் சுமந்து செல்லும் ஃப்ரோடோவும் கடைசி நொடியில் அதைத் தனக்கென்று உரிமை கொண்டாடிவிடுகிறான். மோதிரத்தின் மீது வெறி கொண்ட கொல்லம் அதைப் பறித்துக்கொண்டு நெருப்பில் விழுவதால்தான் அது அழிகிறது.

சுடலைமாடன் கதை

சுடலைமாடன் கதை ஊருக்கு ஊர், பாடும் குழுவுக்குக் குழு மாறுபடுவது. பரவலாக வழங்கும் வடிவத்தின் சுருக்கம் இது. கயிலாயத்தில் விளக்குச் சுடரிலிருந்து பார்வதிக்கு ஒரு குழந்தை பிறக்கிறது. பசி தாங்காத அக்குழந்தை இரவில் சுடுகாட்டுக்குச் சென்று பிணங்களைத் தின்கிறது. பிணம் தின்றவனுக்குக் கயிலாயத்தில் இடமில்லை என்பதால் வரங்கள் கொடுத்து பூமிக்கு அனுப்பப்படுகிறான். மலையாள நாட்டில் பகவதியின் புதையலுக்குக் காவலாகிறான். காளிப்புலையன் என்னும் மந்திரவாதி அப்புதையலைக் களவாடுகிறான். சுடலைமாடன் அவனைத் தேடிச் சென்று, கருவுற்றிருக்கும் அவன் மகள் மாஇசக்கியைப் பலியாகக் கேட்கிறான். தந்தை மகளைப் பலி கொடுக்கிறான். அதன் பின்னும் தப்பாமல் அவனும் அழிகிறான்.

தாமிரபரணியுடன் சிற்றாறு கலக்கும் சீவலப்பேரியில் உள்ள சுடலைமாடன் கோவில் புகழ்பெற்றது. பாபநாசம் மலையில் காரையாறு பகுதியில் இருக்கும் சொரிமுத்து அய்யனார் கோவில் வளாகத்திலும் அவருக்கு இடம் உண்டு. பல ஊர்களில் சிலை இல்லை. சுண்ணாம்பு பூசிய, மேலே குறுகிச் செல்லும் மண் அல்லது செங்கல் பீடமே தெய்வம்.

ஆற்றலும் கருவியும்

இரு கதைகளையும் இணைப்பவன் காளிப்புலையன். மோதிரத்தை அணிபவர்களைப் போலவே அவனும் பெரும் ஆற்றலைத் தன் கருவியாக்க முடியும் என்று நம்புகிறான். தென்மாவட்டக் கதைகளில் பேயை ஆணியடித்து மரத்தில் நிறுத்துவதும், சிமிழில் அடைப்பதும் வழக்கமான செய்திகள். அந்த நம்பிக்கையின் விலையை இக்கதை சொல்கிறது. ஆற்றலைக் கையாள முயன்றவன் தந்தை, அதற்கு உயிர் கொடுப்பவள் மகள். மோதிரம் அணிந்தவரையே முதலில் தின்கிறது. சுடலைமாடன் கதையில் பேராசையின் கடன் அடுத்த தலைமுறையிடமிருந்து வசூலிக்கப்படுகிறது.

வேறுபாடு தீமையின் இருப்பிடத்தில் உள்ளது. சௌரானின் ஆற்றல் ஒரு பொருளில் இருக்கிறது. பொருளை உலகிலிருந்து பிரித்து அழிக்கலாம். சுடலைமாடனின் ஆற்றல் பசியில் இருக்கிறது. பசியை அழிக்க முடியாது, அதற்குப் பங்கும் எல்லையும் வகுக்கலாம். கொடை என்பது அந்த வகுப்பு. குறிப்பிட்ட நாளில் படையல், நள்ளிரவில் கோமரத்தாடி தீப்பந்தத்துடன் சுடுகாட்டுக்கு வேட்டைக்குச் செல்லுதல், பின் பீடத்துக்குத் திரும்புதல் என அது ஓர் ஒழுங்கு கொண்டது. ஊரை அச்சுறுத்தும் ஆற்றலே ஊரின் காவலாக மாற்றப்படுகிறது.

கால்டுவெல்லின் பார்வை

இத்தெய்வங்களை இருளின் தலைவர்களாகப் பார்க்கும் நோக்கு திருநெல்வேலிக்குப் புதிதல்ல. இடையன்குடியில் பணியாற்றிய ராபர்ட் கால்டுவெல் 1849-ல் வெளியான நூலில் இப்பகுதியின் வழிபாட்டைப் பேய் வழிபாடு என்றே விவரித்தார். ஒளி, இருள் என்று உலகை இரண்டாகப் பிரிக்கும் கிறிஸ்தவச் சட்டகம் அவருடையது. அந்நூலின் சாதி பற்றிய விவரிப்புகள் பின்னாளில் கடும் எதிர்ப்பைச் சந்தித்தன. வழிபடுவோரின் நோக்கில் சுடலைமாடன் சிவனின் மகன், வரம் பெற்றவன், கொடியவன், காவலன். நான்கும் ஒரே தெய்வத்தில் இருப்பதை அந்தச் சட்டகத்தால் விளக்க முடிவதில்லை.

விமர்சனம்

சுடலைமாடன் கதையை டோல்கீனின் கதையைவிட முதிர்ந்தது என்று எளிதாகச் சொல்லிவிட முடியாது. மாஇசக்கிக்காகக் கதைக்குள் எவரும் நிற்பதில்லை. களவில் அவளுக்குப் பங்கில்லை. அவள் சாவுக்குக் காரணமான தெய்வம் தண்டிக்கப்படாமல் பீடம் பெறுகிறது. மந்திரவாதி புலையனாக இருப்பதும் தற்செயல் அல்ல. சமூகத்தில் ஆற்றல் மறுக்கப்பட்டவரின் கையில் மந்திர ஆற்றல் இருப்பதாக அஞ்சும் மனநிலை அதில் உள்ளது. வேல் ஏந்திய அரசனுக்குக் கிடைக்காத தண்டனை அக்குடிக்குக் கிடைக்கிறது. நாட்டார் கதைப்பாடல்களைச் சமூக முரண்களின் வழியாக ஆராய்ந்த நாங்குநேரியைச் சேர்ந்த நா. வானமாமலையின் மரபில் வாசிப்பவர்கள் இக்கேள்வியைத் தவிர்க்க முடியாது.

டோல்கீன் மீதும் இதே வகைக் குற்றச்சாட்டு உண்டு. அவரது நாவலில் இருள்தலைவனின் படைக்கு ஆள் தரும் மனிதர்கள் பெரிதும் கிழக்கிலும் தெற்கிலும் இருந்து வருகிறார்கள். ஆனால் போரில் இறந்துகிடக்கும் ஒரு தென்னாட்டு வீரனைக் கண்டு, அவன் உண்மையில் தீயவன்தானா என்று சாம் எண்ணும் இடம் அப்பிரிவினையை நாவலே ஐயப்படும் தருணம்.

வில்லுப்பாட்டில் அதற்கு இணையான தருணம் பாடலின் நிகழ்த்துமுறையில் உள்ளது. கதை தெய்வத்தின் பீடத்துக்கு முன்னால் பாடப்படுகிறது. பிணம் தின்றதும், கருவுற்ற பெண்ணைப் பலி கேட்டதும் மறைக்கப்படுவதில்லை. வில்லும் உடுக்கையும் குடமும் ஒலிக்க, ஊரார் நடுவே, தெய்வத்தின் முகத்துக்கு நேராகவே அவை சொல்லப்படுகின்றன. அதைக் கேட்டுத்தான் தெய்வம் கோமரத்தாடியின் மேல் இறங்குகிறது. மாஇசக்கிக்கு நீதி கிடைக்கவில்லை. ஆனால் கொடை நடக்கும்வரை அவள் பெயர் மறக்கப்படுவதில்லை. சௌரானின் கதை அவன் வீழ்ந்த பின் வென்றவர்களால் எழுதப்படுகிறது. சுடலைமாடனின் கதை அவன் ஆற்றலுடன் இருக்கும்போதே, அவன் கேட்கப் பாடப்படுகிறது.

இலக்கிய இடம்

தமிழில் மிகுபுனைவு எழுதுவோர் முன் இரு வழிகள் உள்ளன. தொலைவில் ஒரு கோட்டை, அதில் ஓர் இருள்தலைவன், அவனை வீழ்த்த ஒரு மந்திரப் பொருள் என்னும் அமைப்பை எடுத்துக்கொள்வது எளிது. அதில் பெயர்கள் மட்டுமே தமிழாகும். தீமை ஊரின் எல்லையிலேயே பீடம் கொண்டிருக்கிறது, ஆண்டுதோறும் சோறு உண்கிறது, தன் குற்றத்தைத் தானே கேட்கிறது என்னும் சுடலைமாடன் கதையின் அமைப்பு கடினமானது. அழிக்க முடியாத ஆற்றலிடம் நீதி கேட்பது எப்படி என்னும், அக்கதைப்பாடல் விடை சொல்லாமல் விட்ட கேள்வி நவீன இலக்கியத்துக்கு எஞ்சியிருக்கிறது.