பல்கீயின் நூலும் மறைக்கப்படும் காயங்களும்

மருத்துவத் துறைக்கு முஸ்லிம்கள் ஆற்றிய தொண்டினைப் பேசும்போதெல்லாம் இப்னு சீனாவையும் அர்ராஸியையும் நாம் பெருமிதத்தோடு நினைவுகூர்கிறோம். ஆனால் உள்ளத்தின் நோய்களுக்கென்றே தனிப்பகுதி வகுத்தெழுதிய அபூ ஸைத் அல் பல்கீயின் பெயர் நம் மேடைகளில் அவ்வளவாக ஒலிப்பதில்லை. இற்றைநாளில் ஆப்கானிஸ்தானத்தில் உள்ள பல்க் நகரை அடுத்த சிற்றூர் ஒன்றில் ஏறத்தாழ 850இல் பிறந்து, ஈராக்கில் அல் கிந்தியிடம் பயின்று, 934இல் மறைந்த பேரறிஞர் அவர்.

அவர் யாத்த 'மஸாலிஹுல் அப்தான் வல் அன்ஃபுஸ்' எனும் நூல், உடலின் நலம், உள்ளத்தின் நலம் என இரு பகுதிகளைக் கொண்டது. நெடுங்காலம் இஸ்தான்புல் நூலகத்துச் சுவடியாகவே இருந்த அதன் படியை 1984இல் ஃபிராங்க்ஃபர்ட்டில் அச்சிட்டனர். உள்ளம் பற்றிய பகுதியைச் சூடான் நாட்டு உளவியலறிஞர் மாலிக் பத்ரி ஆங்கிலத்தில் பெயர்க்க, அது 2013இல் வெளிவந்தது.

எட்டு இயல்களாலான அப்பகுதியில் சினம், அச்சம், துயரம், வஸ்வாஸ் ஆகிய நான்கும் ஆராயப்படுகின்றன. நூலின் தலையாய சிறப்பு அதன் நடுநிலை. உடல்நோய் சிலரை அணுகாமலே போகலாம். உள்ளத்தின் வாட்டமோ எவரையும் விட்டுவைப்பதில்லை என்பது பல்கீயின் கருத்து. துயரத்தையும் அவர் இரண்டாகப் பகுக்கிறார்: காரணம் தெரிந்தது ஒன்று, காரணம் தெரியாதது மற்றொன்று. பின்னதற்கு இரத்தத்தின் கேட்டைக் காரணமாகக் கூறியது இன்றைய அறிவியலுக்கு ஒவ்வாது. ஆயினும் அதனைக் குணக்கேடென்று இகழாமல் நோயென்று கண்டு மருந்து தேடினாரே, அங்கேதான் அவருடைய பெருமை நிற்கிறது.

மற்றொரு கருத்தும் எண்ணத்தக்கது. நோய் வருமுன்னரே மருந்தை வீட்டில் சேமித்து வைப்பதுபோல, உள்ளம் அமைதியாயிருக்கும் நாளிலேயே நல்லெண்ணங்களைச் சேமித்து, இடர் வரும் நாளில் எடுத்தாள வேண்டும் என்கிறார். வஸ்வாஸால் வருந்துவோர் தனிமையைத் தவிர்க்க வேண்டும் என்றும் அறிவுறுத்துகிறார்.

இனி நூலின் குறைக்கு வருவோம். தம் உடலைத் தாமே காயப்படுத்திக்கொள்வோர்க்கென அந்த எட்டு இயல்களுள் ஓர் இயல் இல்லை. நம் வீடுகளிலோ, குறிப்பாக இளையோரிடையே, அத்துன்பம் இருக்கத்தான் செய்கிறது. முழுக்கைச் சட்டையின் கீழும் மூடிய கதவின் பின்னும் மறைந்திருக்கிறது. கண்டறிந்த பெற்றோர் சிலர் 'நாடகம்' என்கின்றனர். வேறு சிலர் 'ஈமான் குறைவு' என்கின்றனர். இரண்டும் பிழையான தீர்ப்புகளே. இவருள் பலர் சாவை நாடி இதனைச் செய்வதில்லை. தாங்கவொண்ணாத மனவேதனையோ, ஒன்றும் உணரவியலாத வெறுமையோ, தம்மீதே கொண்ட வெறுப்போ அவர்களை அதன்பால் உந்துகிறது. கிடைக்கும் ஆறுதல் கணநேரமே. பின்னர் வெட்கம் சூழ்கிறது. வெட்கம் மீண்டும் வேதனையாகிறது. சாவை நாடாத செயலென்று அலட்சியம் செய்வதற்கும் இல்லை. உயிருக்கே இறுதியாகும் முயற்சிக்கு வாய்ப்பை அது மிகுவிக்கிறது. மிதமிஞ்சிய போதையும், உணவை மறுத்துத் தம்மை ஒறுத்துக்கொள்வதும் சிலரிடத்தே இவ்வேதனையின் வேறு வடிவங்களே.

பல்கீ எழுதாத இயலுக்கு முன்னுரையாக ஸஹீஹ் முஸ்லிமில் ஒரு செய்தி காணப்படுகிறது. துஃபைல் இப்னு அம்ரு (ரலி) அவர்களுடன் மதீனாவுக்கு ஹிஜ்ரத் செய்த ஒருவர் நோயுற்றார்; வேதனை தாளாமல் தம் கரங்களைத் தாமே ஊறுபடுத்திக்கொண்டு இறந்தார். பின்னர் துஃபைல் அவரைக் கனவில் நல்ல தோற்றத்தில், ஆனால் கைகள் மூடப்பட்டவராகக் கண்டார். இதனைக் கேட்ட நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அவரை இழித்துரைக்கவில்லை; அந்தக் கரங்களுக்கும் மன்னிப்பு வேண்டி துஆச் செய்தார்கள். இஃது அச்செயலுக்கு அனுமதி அன்று. தம்மைத் தாமே மாய்த்துக்கொள்வதைத் திருக்குர்ஆன் (4:29) விலக்குகிறது; அவ்விலக்கலோடு அல்லாஹ்வின் இரக்கத்தையும் அதே வசனம் நினைவூட்டுகிறது. விலக்கலை மட்டும் உரக்கக் கூறி இரக்கத்தை விழுங்கிவிடுவோர் வசனத்தைப் பாதியே படித்தவராவர்.

ஆகவே காயத்தைக் கண்ட தாய் தந்தையர் முதலில் சினத்தை அடக்குக. காயத்துக்கு மருத்துவம் செய்க. 'ஏன் செய்தாய்?' என்று அதட்டாமல், 'உன்னை வருத்துவது எது?' என்று கேட்டுவிட்டுக் காதுகொடுத்திருங்கள். சாகும் எண்ணம் உண்டா என நேராகவே கேட்கலாம்; அவ்வாறு கேட்பது அவ்வெண்ணத்தை விதைப்பதாகாது. உண்டெனில் அவரைத் தனியே விடாமல், ஆபத்தானவற்றை எட்டாமல் அகற்றி, உடனே மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். தொழுகையும் துஆவும் நெஞ்சுக்கு வலுவூட்டும். அவற்றோடு மனநல மருத்துவமும் வேண்டும். பல்கீ எனும் முஸ்லிம் அறிஞர் ஆயிரமாண்டுகளுக்கு முன்னரே இரண்டையும் பகையாக்கவில்லை. இந்திய அரசு 2022இல் தொடங்கிய டெலி மானஸ் சேவையை 14416 எனும் எண்ணில் இரவு பகல் எந்நேரமும் தமிழிலேயே அழைக்கலாம். இலங்கையில் தேசிய மனநல உதவி எண் 1926.

காவல்துறைக்கு அஞ்சி மறைப்போரும் உளர். தற்கொலை முயற்சியைக் குற்றமெனக் கொண்ட பழைய 309ஆம் பிரிவின் கூர்மையை 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் மழுக்கிற்று. முயன்றவர் கடும் மன அழுத்தத்தில் இருந்தவராகவே கருதப்பட வேண்டும் என்று அது விதித்தது. 2024 ஜூலை 1இல் நடைமுறைக்கு வந்த பாரதீய நியாய சன்ஹிதாவில் அப்பிரிவு இடம்பெறவில்லை.

தன் காயத்தை மறைத்து இவ்வேட்டைப் படிக்கும் இளையவர் எவரேனும் இருப்பின், அவருக்கும் ஒரு சொல்: நீங்கள் கெட்டவர் அல்லர், நோவுற்றவர். நம்பத்தக்க ஒருவரிடம் இன்றே வாய் திறவுங்கள். பல்கீயின் நூலைத் தமிழில் பெயர்ப்பார் முன்வருதல் வேண்டும். அதுவரையில், அவர் எழுதாத இயலை நம் இல்லங்களில் இரக்கத்தால் எழுதுவோமாக. வல்ல அல்லாஹ் அருள்புரிவானாக! ஆமீன்.