வேரறுந்தோரின் தாய்மொழி

நாடிழந்தோர் இலக்கியம் பற்றிப் பேசுவோர் யூத இலக்கியத்தையே முதற்கண் எடுத்துக்காட்டுவர். கி.பி. 70இல் எருசலேம் ஆலயம் உரோமரால் அழிக்கப்பட்டபின் மறைநூலே யூதரின் தாயகமாயிற்று என்பது பொதுக் கருத்து. எனினும், இருபதாம் நூற்றாண்டில் அவ்விலக்கியம் எதிர்கொண்ட சிக்கல் நிலம் பற்றியது மட்டுமன்று, மொழி பற்றியதுமாகும். 1920இல் செர்னோவிட்சில் பிறந்த போல் செலானின் பெற்றோர் நாசிக் காலத்து முகாமில் மாண்டனர். அவரோ பாரிசில் வாழ்ந்து, 1970இல் மறையும்வரை ஜேர்மன் மொழியிலேயே கவிதை எழுதினார். தாயின் மொழியும் தாயைக் கொன்றோரின் மொழியும் ஒன்றாயிருந்தமையே அவரது அவலம் எனலாம்.

கல்முனை தொடக்கம் அறுகம்பே வரையான கரையோரத்து முஸ்லிம் கவிஞருக்கு இவ்வவலம் அந்நியமானதன்று. தமிழ் அவர்களுக்கு இரவல் மொழியன்று; தாய்மொழி. 1981இல் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்தமைக்காகப் ‘புத்தரின் படுகொலை’ என்ற கவிதையை எழுதியவர் கல்முனைக்குடியிற் பிறந்த எம்.ஏ. நுஃமான். ஆயின் 1990 ஓகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தோர் கொல்லப்பட்டனர். ஒக்டோபரில் வடபுல முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். வெளியேறுமாறு இட்ட கட்டளையும் தமிழிலேயே ஒலித்தது.

கல்முனைக் கவிஞர் சோலைக்கிளியின் இரு தொகுதிகளின் பெயர்களை ஒப்புநோக்குவது ஈண்டுப் பயனுடையது. 1985இல் வெளிவந்தது ‘நானும் ஒரு பூனை’. 1993இல் வெளிவந்தது ‘ஆணிவேர் அறுந்த நான்’. முன்னையதில் ‘நான்’ பிறிதோர் உயிருடன் உறவு கொண்டாடுகின்றது. பின்னையதில் உறவறுந்து தனித்து நிற்கின்றது. ஊரைவிட்டுப் பெயராமலே வேரறுதல் சாத்தியம் என்பதை அத்தலைப்பே உணர்த்திவிடுகின்றது.

எனினும் இவ்வொப்பீட்டுக்கு எல்லையுண்டு. ஜேர்மன், நாசி அரசின் மொழி. தமிழோ 1956இன் தனிச்சிங்களச் சட்டத்தால் தானே ஒதுக்கப்பட்ட மொழி. மேலும், காத்தான்குடியில் முஸ்லிம்கள் மாண்ட அதே மாதத்தில் அம்பாறையின் வீரமுனையில் தமிழர் கொல்லப்பட்டனர். ஒருசாராரின் துயரை மட்டும் பாடும் கவிதை பாதி உண்மையையே கூறும்.

யூத இலக்கியத்தின் நெடுங்காலத் தாயக ஏக்கம் 1948இல் இஸ்ரேலாக வடிவெடுத்தபோது பலஸ்தீனர் அகதிகளாயினர். அவர்தம் கவிதைகளை நுஃமான் 1981இலேயே தமிழுக்குத் தந்தார். தன் வீட்டை இழந்தவன் பிறன் இழந்த வீட்டையும் காண்கிறானா என்பதே அடையாளத் தேடலுக்கான உரைகல். அக்கேள்வி யூத இலக்கியத்துக்கு மட்டுமன்றி, ஈழத்துத் தமிழ்க் கவிதைக்கும் உரியதாகும்.