ரேடியோ நெல்: சில குறிப்புகள்

கலாச்சாரத்தையும் தேச வளர்ச்சியையும் பற்றிப் பேச வருகிறவர்கள் நம்மிடையே இரண்டு வகை. ஒரு சாரார் கலாச்சாரத்தை முட்டுக்கட்டை என்பார்கள். ஜனங்களின் பழக்கவழக்கங்கள் மாறினால் ஒழிய எந்தத் திட்டமும் பலிக்காது என்பது இவர்கள் கட்சி. மற்றவர்களுக்கு அது வண்டி. வில்லுப்பாட்டில் குடும்பக் கட்டுப்பாட்டை ஏற்றி அனுப்பலாம், கதாகாலட்சேபத்தில் சிறுசேமிப்பை ஏற்றி அனுப்பலாம் என்பார்கள். மத்திய சர்க்கார் 1954-ல் பாட்டு நாடகப் பிரிவு என்று ஒன்றைத் தொடங்கியதே இந்த நம்பிக்கையில்தான். முட்டுக்கட்டையோ வண்டியோ, இரண்டு பேருக்குமே கலாச்சாரம் செய்திக்கு வெளியே கிடக்கும் ஒரு ஜடப்பொருள்.

எனக்கு இரண்டிலும் உடன்பாடில்லை. ஒரு சமூகத்தில் எவன் சொன்னால் அது சொல்லாகிறது, எவன் சொன்னால் வெறும் சப்தமாகிறது என்பது, யாரும் கூடி உட்கார்ந்து பேசாமலே, தீர்மானமாகிவிடுகிறது. அந்தத் தீர்மானம் குழந்தைக்குத் தாய்ப்பாலோடு புகட்டப்படுகிறது. கலாச்சாரம் என்று நான் சொல்வது இதைத்தான். இதை விட்டுவிட்டுத் தொடர்பு சாதனங்களைப் பற்றிப் பேசுவது, வாய்க்காலில் மேடு பள்ளம் பார்க்காமல் மதகைத் திறந்துவிடுகிற காரியம்.

டேனியல் லெர்னர் என்ற அமெரிக்கர் 1958-ல் வெளியிட்ட ஒரு புத்தகம் இந்தத் துறையில் வெகுகாலம் வேதமாக இருந்தது. துருக்கியில் அங்காராவுக்குப் பக்கத்தில் பால்காத் என்று ஒரு கிராமம். அங்கே ஒரு மளிகைக் கடைக்காரர். ஊரைத் தாண்டிய வாழ்க்கையைக் கற்பனை செய்து பார்க்க அவருக்கு முடிகிறது, மற்றவர்களுக்கு முடிவதில்லை. ரேடியோவும் சினிமாவும் பத்திரிகையும் இந்தக் கற்பனையை ஊர் முழுக்கப் பரப்பிவிட்டால் பழைய சமூகம் கழன்று விழும் என்பது லெர்னரின் வாதம். ஆனால் அந்த ஊர் ரேடியோ ஊர்த் தலைவர் வீட்டில் இருந்தது. நான் அந்தப் புத்தகத்தில் நின்றுபோன இடம் அதுதான். ரேடியோ ஓர் ஊருக்கு வரும்போது யாரோ ஒருவர் வீட்டுக்குத்தான் வருகிறது.

எங்கள் ஊருக்கு, தஞ்சை ஜில்லாவில், அது எங்கள் தாத்தா வீட்டுத் திண்ணைக்கு வந்தது.

1960-ல் தீவிர சாகுபடித் திட்டத்துக்கு என்று தேசத்தில் பொறுக்கியெடுத்த ஜில்லாக்களில் தஞ்சாவூரும் ஒன்று. சில வருஷங்களில் ஆடுதுறைப் பண்ணையிலிருந்து ஒரு புது ரகம் வந்தது, ஆடுதுறை 27. ஜப்பானிய நோரின் ஒரு பக்கமும் நம்மூர் ஜி.இ.பி. 24 இன்னொரு பக்கமுமாகக் கலந்து பிறந்தது. குறுவைக்கு ஏற்ற குறுகிய காலப் பயிர். 1966-ல் திருச்சி வானொலி அதை நாள் தவறாமல் எடுத்துச் சொல்லிற்று. நாற்றங்கால், உரம், பூச்சிமருந்து, இடைவெளி, எல்லாம் காவிரிக்கரைத் தமிழில், பக்கத்து வயல்காரர் பேசுவதுபோல. ஜனங்கள் அந்த நெல்லுக்கு வைத்த பெயர் ரேடியோ நெல்.

இந்தப் பெயரைச் சாதாரணமாகத் தாண்டிப் போய்விட முடியாது. சீரகச் சம்பா என்றால் மணியின் வடிவம். கருங்குறுவை என்றால் நிறமும் பருவமும். நெல்லுக்கு உருவத்தாலும் நிறத்தாலும் பெயர் வைத்துக்கொண்டிருந்த சமூகம், முதன்முதலாக ஒரு நெல்லை அதைப் பற்றிச் சொன்ன வாயின் பெயரால் அழைத்தது. வேளாண்மை இலாகா சொன்னால் யோசித்த மிராசுதார், ரேடியோ சொன்னதும் விதைத்தார். தொடர்பியல்காரர்கள் உலகத்துக்கெல்லாம் காட்டிய உதாரணங்களில் இது ஒன்று. காட்டியதில் தப்பில்லை. தண்ணீரும் உரமும் கடன் வசதியும் கூடவே இருந்தன என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாம், அவ்வளவுதான்.

எனக்கு உறுத்துவது வேறு. அந்த ஒலிபரப்பு விவசாயி என்று கூப்பிட்டபோது திரும்பிப் பார்த்தது யார்? நிலம் உள்ளவர், மிஞ்சிப்போனால் குத்தகைதாரர். சேற்றில் குனிந்து நாற்று நட்டவளுக்கும், அறுத்த கட்டைத் தலையில் சுமந்தவனுக்கும் தஞ்சாவூர்த் தமிழில் விவசாயி என்று பெயரில்லை. அவர்கள் ‘ஆள்’. மிராசுதார்கள் தங்களுக்காக அமைத்துக்கொண்ட சங்கத்துக்கு நெல் உற்பத்தியாளர் சங்கம் என்று பெயரிட்டார்கள். உற்பத்தி என்ற சொல் யார் கையில் இருந்தது என்பதற்கு இதைவிடச் சாட்சியம் வேண்டாம்.

விளைச்சல் கூடியிருக்கிறது என்பதை ஆளுக்கு ரேடியோ சொல்ல வேண்டியிருக்கவில்லை. கட்டின் கனம் கழுத்துக்குத் தெரியும். கூடுதல் நெல் கூலி கேட்டார்கள். சங்கம் அமைத்து, கொடி ஏற்றி, பேச்சுவார்த்தைக்கு வந்து, தகவல் தொடர்புப் பாடப்புத்தகம் கேட்கக்கூடிய எல்லா ஒழுங்கோடும் கேட்டார்கள். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் ராமையாவின் குடிசைக்குள் ஒதுங்கியவர்கள் அதோடு சேர்த்துக் கொளுத்தப்பட்டார்கள். 44 பேர், எல்லோரும் தலித் கூலிக் குடும்பங்கள், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். ஒரே சமவெளி, ஒரே காவிரி, ரேடியோ நெல் வந்து மூன்று வருஷம்கூட ஆகவில்லை. மேலிருந்து கீழே போன சொல் பொன்னாக விளைந்தது. கீழிருந்து மேலே போன சொல்லுக்கு நெருப்பு பதில்.

அதற்குப் பிறகும் இதே கணக்குத்தான். கீழ்க்கோர்ட்டில் தண்டனை பெற்ற மிராசுதார்களை 1973-ல் சென்னை ஹைகோர்ட் விடுவித்தது. இவ்வளவு நிலபுலம் உள்ளவர்கள், கார் வைத்திருப்பவர்கள், தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கஷ்டம் என்கிற ரீதியில் தீர்ப்பு போயிற்று. இதைச் சட்டப் பிழை என்று மட்டும் வாசிக்க என்னால் முடியவில்லை. எவன் சொல் நம்பத் தகுந்தது என்று தாய்ப்பாலோடு புகட்டப்பட்ட அதே தீர்மானம், கோர்ட் பாஷையில் எழுதப்பட்டிருக்கிறது.

மரபுத் தொடர்பு சாதனங்கள் என்று இப்போது வாஞ்சையோடு பேசுகிறார்கள். அந்த வரிசையில் பறையும் உண்டு. பறைதல் என்றால் சொல்லுதல் என்று பழைய அகராதியும் சொல்லும், இன்றைய மலையாளியும் சொல்வான். ஊருக்குச் சாவைச் சொன்னவர்கள், திருவிழாவைச் சொன்னவர்கள், தண்டோரா போட்டுச் சர்க்கார் உத்தரவைச் சொன்னவர்கள் யார்? தொடர்பையே குலத்தொழிலாகச் சுமந்தவர்களுக்குச் சொந்தமாகச் சொல்ல ஒன்று இருக்கலாம் என்பதை மட்டும் ஊர் ஒப்புக்கொள்ளவில்லை. மரபைச் சாதனமாக உபயோகிக்கலாம் என்பவர்கள், அந்தச் சாதனத்தைத் தோளில் மாட்டியிருந்தவனை ஒரு நிமிஷமாவது பார்த்தார்களா?

இலக்கியக்காரர்களான நாம் தப்பித்துக்கொள்ள முடியாது. இந்திரா பார்த்தசாரதியின் ‘குருதிப்புனல்’ 1975-ல் வந்தது. 1977-ல் அகாடமி பரிசு பெற்றது. இந்த நிகழ்ச்சியைத் தொடுகிற துணிச்சல் அதற்கு இருந்தது, அதைக் குறைத்துப் பேசுவது நியாயமில்லை. ஆனால் டில்லியிலிருந்து வந்த படித்த இளைஞர்கள் வழியாகத்தான் அந்தக் கிராமம் நமக்குக் கிடைக்கிறது. நிலச்சுவான்தாரின் கொடுமைக்கு அவருடைய ஆண்மைக் குறை விளக்கமாக வந்து நிற்கிறது. ஒரு படி நெல்லில் இருந்த பிரச்னை ஒரு தனிமனிதனின் படுக்கையறைக்கு இடம் மாறிவிடுகிறது. கூலி கேட்டவன் அங்கும் பின்னணிதான். ஆசிரியரின் அனுதாபத்தை நான் சந்தேகிக்கவில்லை. அனுதாபம் எந்தத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறது என்பதே என் கேள்வி.

2005-ல் பாரதி கிருஷ்ணகுமார் ‘ராமையாவின் குடிசை’ என்ற ஆவணப்படத்தை எடுத்தார். உயிரோடு எஞ்சியிருந்தவர்கள் காமெராவைப் பார்த்துப் பேசுகிறார்கள். அந்த வாய்களுக்கு முன்னால் ஒரு கருவி போய் நின்று பேசாமல் கேட்க 37 வருஷம் ஆகியிருக்கிறது. விதைக்கு ஒரு பருவம் போதுமானதாக இருந்தது. தேச வளர்ச்சியை அளக்க என்னென்னவோ அளவுகோல்கள் வைத்திருக்கிறார்கள். இந்த இரண்டு கால அளவுகளுக்கும் இடையிலுள்ள தூரத்தையும் அளந்தால் என்ன?

இப்போது மழையும் விலையும் கைபேசிக்கு வந்துவிடுகின்றன. கருவி எல்லோர் கையிலும் இருக்கிறது. திண்ணை போய்விட்டதா என்று தெரிய, வருகிற செய்தியை எண்ணினால் போதாது. போகிற செய்திக்கு யார் பதில் சொல்கிறார்கள் என்று பார்க்க வேண்டும்.

1966-ல் சாயங்காலங்களில் எங்கள் திண்ணையில் ரேடியோ பேசும். தாத்தா சாய்வு நாற்காலியில், நாங்கள் அவர் காலடியில். வாசலுக்குக் கீழே, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, எங்கள் பண்ணையில் வேலை பார்த்த ஒருவர் நின்று கேட்டுக்கொண்டிருப்பார். தாத்தாவைவிட மூத்தவர். நான் அவரை ‘நீ’ என்றுதான் கூப்பிடுவேன், யாரும் திருத்தியதில்லை. நாற்று எத்தனை நாளில் பறிக்க வேண்டும் என்று ஒரு நாள் ரேடியோ சொன்னபோது அவர் மெல்லச் சிரித்தார். நான் பார்த்தேன். எதற்குச் சிரித்தார் என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை. அந்த வயலை ஐம்பது வருஷம் உழுதவர் அவர். இப்போது கேட்கலாம் என்றால் அவர் இல்லை.